மணிக்கு இரண்டேகால் டாலர்

— வேணாம்னா வேணாம்தான் ரோட்னி. இதுல உனக்கு என்ன புரியல?

— ஒண்ணுமே புரியல. முதல்ல கதவைச் சாத்து லடோனா. இஸ்திரி மிஷின் போடற சத்தத்துல நீ பேசறதுல பாதி காதுல விழல.

— சாத்தறேன். சாப்பாட்டுக்கு அரை மணி நேரம்தான் குடுக்கற, அதையும் நீயே தின்னுட்ட. இங்கயே உக்காந்து சாப்பிடறேன், கோச்சுக்காத.

— தாராளமா சாப்பிடு. என்ன அது?

— நேத்து மிஞ்சின மாக்கரோனி. புள்ளைங்க ரெண்டும் மேல இருந்த சீஸை மட்டும் நக்கிட்டு வச்சிருச்சுங்க.

— அதாவது லடோனா, நான் என்ன சொல்ல வர்றேன்னா, இந்த லாண்டரில பதினாலு வருஷமா இருக்க. நாலு ஆஸ்பத்திரிப் போர்வையும் உன் கையைத் தாண்டித்தான் வெளிய போகுது. பகல் ஷிஃப்டுக்கு மேஸ்திரியா ஆகறியான்னு கேட்டா யாராவது வேணாம்பாங்களா? மணிக்கு ரெண்டேகால் டாலர் கூட. பதினேழேகால்ல இருந்து பத்தொன்பதரைக்கு ஒரே தாவு.

— காலையிலயே சொன்ன. எனக்கும் கூட்டத் தெரியும்.

— கூட்டத் தெரிஞ்சவ ஏன் வேணாங்கற? சிகாகோ ஆபீஸ்ல இந்த ஒரு பதவிக்காக எட்டு மாசம் தொங்கினேன். அந்த பிராண்டன் இருக்கான் பாரு, வாராவாரம் 'பாக்கலாம் ரோட்னி, பாக்கலாம் ரோட்னி'. போன வியாழக்கிழமைதான் சரின்னு மெயில் போட்டான். வீட்டுக்குப் போய் பாலெட்கிட்ட சொன்னேன், அவளுக்கும் சந்தோஷம். இன்னிக்கு உன்கிட்ட சொன்னா முகம் மலரும்னு பாத்தேன். நீ என்னடான்னா சாவு செய்தி கேட்ட மாதிரி நிக்கற.

— பாலெட்டுக்கு என் தேங்க்ஸைச் சொல்லு.

— கிண்டல் பண்ணாத. வெள்ளிக்கிழமைக்குள்ள நீ கையெழுத்துப் போடலன்னா வெளியில இருந்து ஒருத்தனைக் கொண்டாந்து உனக்கு மேல உக்கார வச்சிருவாங்க.

— உக்காரட்டும். எந்தத் துணி எந்த ஆஸ்பத்திரிதுன்னு அவனுக்கும் நானே சொல்லிக் குடுக்கறேன். உனக்குச் சொல்லிக் குடுத்த மாதிரி.

— குத்திக் காட்டற.

— குத்தல. நடந்ததைச் சொன்னேன்.

— நீ வேணாம்னு சொன்னா பிராண்டன் என்ன சொல்லுவான் தெரியுமா? 'பாத்தியா ரோட்னி, அந்த மாதிரி ஆளுங்களுக்கு மேல வரணும்கற எண்ணமே கிடையாது'ம்பான்.

— நீ என்ன சொல்லுவ?

— நானா?

— ஆமா, நீதான். ஆறாம் கிளாஸ்ல இருந்து ஒரே பஸ்ல போனவன். எங்கம்மா கையால பொரிச்ச கோழியைத் தின்னவன். பிராண்டன் அப்படிச் சொன்னா நீ என்ன சொல்லுவ?

— என்ன சொல்றதுன்னு தெரியாமத்தான் உன்னை இங்க கூப்பிட்டு உக்கார வச்சிருக்கேன். உனக்குப் பயமா? ஆள் வச்சு வேலை வாங்கணுமேன்னு பயமா?

— இந்தா பாரு, பழைய மேஸ்திரி ரானி இடுப்பு ஆபரேஷன் பண்ணிக்கிட்டுப் படுத்தப்ப ரெண்டு மாசம் மேஸ்திரி வேலையை யார் பாத்தா?

— நீதான்.

— ஒரு சென்ட் கூடக் குடுத்தீங்களா?

— இல்ல.

— அப்பப் பயந்தேனா?

— இல்ல. சரி, பயம் இல்ல. அப்புறம் என்னதான்? எனக்குப் புரியற மாதிரி சொல்லு தாயே.

— அந்தப் பேனாவைக் குடு. அந்தத் தாளையும் தள்ளு. இந்தா பாரு, இது ஒரு கோடு.

— சரி, கோடு.

— இந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கம் நான் நிக்கறேன். சர்க்கார் போட்ட கோடு. மூணு பேர் இருக்கற குடும்பம், இவ்வளவுக்குள்ள சம்பாதிச்சா குழந்தைங்க காப்பகத்துக்கு அவங்க கட்டுவாங்க. நான் வாரத்துக்கு முப்பத்தஞ்சு டாலர் குடுத்தாப் போதும். கெய்லனுக்கும் இமானிக்கும் சேர்த்து.

— அது எனக்குத் தெரியும். உதவி வாங்கறேன்னு சொல்லியிருக்க.

— அந்தக் கோட்டுக்கு நான் எவ்வளவு தூரத்துல நிக்கறேன்னு தெரியுமா? மணிக்கு நாப்பது சென்ட். அவ்வளவுதான். நாப்பது சென்ட் வரைக்கும் ஏத்தினா தாங்கும். நீ ரெண்டேகால் டாலரைத் தூக்கிக்கிட்டு வந்து நிக்கற.

— தாண்டினா கொஞ்சம் குறைப்பாங்க. அவ்வளவுதானே?

— கொஞ்சமா? மொத்தமா நிறுத்திருவாங்க சாமி. தாண்டினவன் தாண்டினவன்தான். காப்பகத்துல ரெண்டு புள்ளைக்கும் சேர்த்து வாரத்துக்கு நானூறு. நீ குடுக்கறது வாரத்துக்குத் தொண்ணூறு, அதுலயும் வரி போகும். நீயே கழிச்சுப் பாரு.

— இரு. நானூறு. முப்பத்தஞ்சு போனா முந்நூத்தி அறுபத்தஞ்சு. அதுல தொண்ணூறு...

— வாயை அசைச்சு அசைச்சுக் கழிக்கறான் பாரு மேனேஜர்.

— சும்மா இரு. இருநூத்தி எழுபத்தஞ்சு. வாரத்துக்கு இருநூத்தி எழுபத்தஞ்சு டாலர் நட்டமா உனக்கு?

— பதவி உயர்வு வாங்கினதுக்கு நான் கட்டற அபராதம்.

— இது அநியாயமா இருக்கே.

— நான் போட்டனா கோட்டை?

— நிஜமாவே மொத்தமா நிறுத்திருவாங்களா? நாலு பேர்கிட்ட விசாரிச்சியா நீ? யாராவது தப்பாச் சொல்லியிருப்பாங்க.

— ரோட்னி, இந்த விஷயத்துல எனக்கு யாரும் பாடம் எடுக்க வேணாம். நீ ஏரியில மீன் பிடிக்கறதைப் பத்திச் சொல்லு, கேட்டுக்கறேன். இதுல நான்தான் வாத்தியார். எங்க வீட்டுக்கு எதுத்தாப்பல ஷெரிலின்னு ஒருத்தி இருந்தா, பள்ளிக்கூட சமையல்ல வேலை. கிறிஸ்துமஸ் சமயத்துல கடையில ஆறு வாரம் கூடுதலா வேலை பாத்தா. புள்ளைங்களுக்கு சைக்கிள் வாங்கணும்னு. தாண்டிட்டா. ஜனவரியில நின்னு போச்சு.

— ஆறு வாரத்து வேலைதானே, எடுத்துச் சொன்னா திரும்பக் குடுத்திருப்பாங்களே.

— குடுத்தாங்க. நாலு மாசம் கழிச்சு. ஒரு தடவை கம்ப்யூட்டர்ல அந்த எண் ஏறிருச்சுன்னா அவ்வளவுதான். மனு போடு, காத்திரு, திரும்ப மனு போடு. அந்த நாலு மாசம் புள்ளைங்களை யார் பாத்துக்கறது? வேலைக்குப் போகாம வீட்ல இருந்தா. வேலை போச்சு. வீட்டு வாடகை போச்சு. இப்ப அவ அக்கா வீட்டுல, வேற ஊர்ல. சைக்கிள் ரெண்டும் எங்க வீட்டு கராஜ்ல கிடக்கு.

— யாரோ கதவைத் தட்டறாங்க. வா டெல்ஃபினா.

— மன்னிச்சுக்குங்க சார். மூணாம் நம்பர் டிரையர் திரும்ப நின்னு போச்சு. லடோனாக்கா, நீங்க வந்து ஒரு உதை உதைச்சாத்தான் அது ஓடும்.

— வரேன் கண்ணு, அஞ்சு நிமிஷம். இந்தா டெல்ஃபினா, உனக்கு மணிக்கு ரெண்டேகால் டாலர் கூட வேணுமா?

— யாரைக் கொல்லணும்கா?

— யாரையும் கொல்ல வேணாம். மேஸ்திரி வேலை. ரோட்னி, இவகிட்ட குடு. சுறுசுறுப்பானவ. இவளுக்குக் கோடும் இல்ல, ஒண்ணும் இல்ல.

— எனக்கு சர்க்காரும் ஒண்ணும் குடுக்கறதில்ல, அதனால எடுக்கவும் ஒண்ணும் இல்லக்கா. மாமியார் புள்ளையைப் பாத்துக்கறாங்க. இல்லைன்னா நானும் வீட்லதான். நிஜமாவா சார்? எனக்கா?

— இல்ல டெல்ஃபினா. லடோனா விளையாடறா. நீ போ, அவ வருவா.

— தெரியும் சார். விளையாட்டுன்னு தெரிஞ்சுதான் கேட்டேன்.

— கதவைச் சாத்திட்டுப் போம்மா. லடோனா, அவளுக்கு ஏன் ஆசை காட்டற? மெயில்ல உன் பேர் போட்டுத்தான் அனுமதி வந்திருக்கு. பதினாலு வருஷம்னு நான் எழுதிக் குடுத்ததைப் பாத்துத்தான் குடுத்தாங்க. அவ வந்து நாலு வருஷம்தான் ஆகுது.

— பேரை மாத்தி எழுதேன்.

— திரும்ப எட்டு மாசம் தொங்கச் சொல்றியா?

— சரி, தொங்க வேணாம். நான் ஒரு வழி சொல்றேன். சிரிக்காதே.

— சொல்லு.

— பதவியைக் குடு. சம்பளத்தை நீங்களே வச்சுக்குங்க.

— என்னது?

— மேஸ்திரின்னு பேர் போட்ட அட்டையைக் கழுத்துல மாட்டிக்கறேன். வேலை மொத்தமும் பாக்கறேன். பதினேழேகாலே போதும். ரெண்டரை வருஷத்துக்கு.

— லடோனா, இருபது வருஷமா ஆளுங்களோட வேலை பாக்கறேன். சம்பளம் ஏத்தாம வேலையை மட்டும் ஏத்துன்னு கேட்ட முதல் ஆள் நீதான்.

— சிரிக்காதேன்னு சொன்னேன்ல.

— சிரிக்கல. அந்தப் பதவிக்கு இவ்வளவுதான் அடிச் சம்பளம்னு கம்ப்யூட்டர்ல இருக்கு. பத்தொன்பதரைக்குக் கீழ போட்டா அது எடுத்துக்காது.

— அப்ப மணி நேரத்தைக் குறை. வாரத்துக்கு முப்பத்தஞ்சு மணி நேரம் வரேன். கூட்டிக் கழிச்சா அதே காசு வரும்.

— மேஸ்திரின்னா நாப்பது மணி நேரம் இருக்கணும். அதுவும் கம்ப்யூட்டர்ல இருக்கு.

— அந்தக் கம்ப்யூட்டரைக் கொண்டாந்து ரெண்டு நாள் போர்வை மடிக்க விடு. புத்தி வரும்.

— உன் டெரெலைக் கல்யாணம் பண்ணிக்கயேன். லாரி ஓட்டறான்ல. ரெண்டு சம்பளம் ஒண்ணாச் சேந்தா காப்பகத்துக்குக் கட்டிட்டு மிச்சம் இருக்குமே?

— அவன் சம்பளத்துல பாதி முதல் சம்சாரத்துப் புள்ளைக்குப் போகுது. கோர்ட்ல பிடிச்சிருவாங்க. கோடு அதையெல்லாம் பாக்காது, முழுசையும் என் தலையில ஏத்தும். அவன் எதுக்கு இன்னும் அவங்க அண்ணன் வீட்டு சோஃபாவுல படுத்துக் கிடக்கான்னு நினைச்ச? எங்களுக்குள்ள சண்டையா? ஞாயித்துக்கிழமை சர்ச் முடிஞ்சு வருவான். புள்ளைங்களைக் குளிப்பாட்டுவான், சோறு ஊட்டுவான். எட்டரைக்கு விருந்தாளி மாதிரி பூட்ஸை மாட்டிக்கிட்டுக் கிளம்பிருவான். இமானி வாராவாரம் ஜன்னல்ல நின்னு அழுவா.

— எனக்கு இதெல்லாம் தெரியாது லடோனா.

— நீ கேக்கல. நானும் சொல்லல. இதை எல்லாம் யார்கிட்டப் போய்ச் சொல்றது? வாங்கிக்கறது கையேந்தற மாதிரி இருக்கும். எங்க அப்பா இருந்தா என் மூஞ்சியில முழிக்க மாட்டாரு. வாழ்நாள் பூரா டயர் ஃபாக்டரில நின்னாரு, ஒத்தைச் சம்பளத்துல நாலு புள்ளை, ஒரு வீடு, ஒரு கார். 'நாம நடுத்தரக் குடும்பம், யார்கிட்டயும் கை நீட்டக் கூடாது'ம்பாரு.

— எங்க அப்பாவும் அதையேதான் சொல்லுவாரு. நாங்களும் நடுத்தரம்.

— எல்லாரும் நடுத்தரம்தான். என் பல்லைப் பிடுங்கற டாக்டர் பதினெட்டு ரூம் வீட்டுல இருக்கான், கேட்டா 'நாங்க நடுத்தரம்'ங்கறான். அவன் வீட்டுப் புல்லை வெட்டறவன்கிட்டக் கேட்டா அவனும் நடுத்தரம். நானும் நடுத்தரம். பிராண்டன்கிட்டக் கேட்டுப் பாரு.

— அவனும் அப்படித்தான் சொல்லுவான். ரெண்டாவது வீடு வாங்கிட்டு 'கையைக் கடிக்குது ரோட்னி'ன்னான்.

— உனக்கு எவ்வளவு குடுக்கறாங்க?

— என்ன கேள்வி இது? சம்பளத்தைப் போய் யாராவது கேப்பாங்களா?

— பாத்தியா. பாலெட்டோட ஆபரேஷன், உன் மூல வியாதி, உங்க பையன் போலீஸ்ல மாட்டினது எல்லாத்தையும் என்கிட்ட சொல்லியிருக்க. சம்பளம் கேட்டா வாயை மூடிக்கற. என் சம்பளம் மட்டும் உனக்கு சென்ட் வரைக்கும் தெரியும்.

— அறுபத்திரெண்டாயிரம்.

— வருஷத்துக்கா?

— ம்.

— நான் தொண்ணூறு இருக்கும்னு நினைச்சேன்.

— எல்லாரும் அப்படித்தான் நினைக்கறாங்க. படகு வச்சிருக்கேன்ல, அதான். படகுக்கு இன்னும் அஞ்சு வருஷம் தவணை இருக்கு. போன கோடைக்கு ரெண்டு தடவைதான் தண்ணியில இறக்கினேன். மத்த நாள் எல்லாம் தார்ப்பாய் போத்திக்கிட்டு வாசல்ல நிக்குது. வித்துரலாம்னா பாலெட் 'அக்கம்பக்கம் என்ன நினைப்பாங்க'ங்கறா.

— அட, சோகமா இருக்காதே. மாக்கரோனி வேணுமா?

— வேணாம். சீஸ் இல்லாம எப்படித் திங்கறது?

— நான் பதினாலு வருஷமா அப்படித்தான் திங்கறேன்.

— லடோனா, ஒண்ணு சொல்லட்டுமா? அதாவது, தப்பா எடுத்துக்காத.

— சொல்லு.

— ஒன்பது வருஷத்துக்கு முன்னாடி இந்த நாற்காலி காலியாச்சு. நீ எனக்கு முன்னாடி இங்க சேந்தவ. எனக்கு வேலை கத்துக் குடுத்தவ. என்கிட்ட ரெண்டு வருஷக் காலேஜ் சர்டிஃபிகேட் இருந்துச்சு, அதுவும் ஹோட்டல் நிர்வாகம். அதைப் பாத்துத் தூக்கி எனக்குக் குடுத்தாங்க. அன்னிக்கு நீ எனக்கு டோனட் வாங்கிக் குடுத்த. ஞாபகம் இருக்கா?

— மேப்பிள் பாகு தடவினது. டஜன் பதினோரு டாலர்.

— அந்த டோனட் இன்னும் தொண்டையிலயே நிக்குது. தினமும் இந்தக் கண்ணாடி வழியா உன்னைப் பாக்கறேன். நீ அங்க வேர்த்துக் கொட்ட நின்னு மடிக்கற, நான் இங்க ஏசியில உக்காந்திருக்கேன். உனக்கு ஏதாவது பண்ணணும்னு நினைச்சு நினைச்சு, கடைசியில இந்தப் பதவி வந்தப்ப, அப்பாடா, கணக்குத் தீந்துச்சுன்னு நினைச்சேன்.

— பைத்தியக்காரா. நான் உன்மேல எப்பக் கோபப்பட்டேன்?

— படலை. பட்டிருந்தா நல்லா இருந்திருக்கும்.

— பட்டேன். ஒரு வாரம். அப்புறம் கெய்லன் வயித்துல வந்தான், எல்லாம் மறந்து போச்சு.

— கெய்லனுக்கு அஞ்சு வயசு கூட ஆகல லடோனா. அது நடந்து ஒன்பது வருஷம் ஆகுது.

— சரி, நாலு வருஷம் கோபப்பட்டேன். வாயைப் பிடுங்காதே. இப்ப இல்ல.

— மேஸ்திரி வேலை உனக்குப் பிடிக்கலையா? நிஜமாச் சொல்லு.

— பிடிக்கலையாவா? ரோட்னி, நீ காலையில சொன்னதும் பாத்ரூமுக்குப் போனேன். தண்ணியைத் திறந்து விட்டுட்டு அஞ்சு நிமிஷம் அழுதேன். எனக்கு அந்த வேலை வேணும். ரானி போட்டு வச்ச அட்டவணை எல்லாமே தப்பு. காலையில முதல்ல ஆபரேஷன் தியேட்டர் துணியைப் போடணும், அப்புறம்தான் வார்டு போர்வை. அப்படிப் போட்டா ஒரு மணி நேரம் மிச்சம். ஆறு வருஷமா மண்டைக்குள்ள வச்சிருக்கேன். யாரும் கேக்கறதில்ல. எனக்கு அந்த அட்டை வேணும், அந்த பேட்ஜ் வேணும், கெய்லன்கிட்டக் காட்டணும். ஆனா புள்ளைங்களை எங்க விடறது?

— அழாத.

— அழல. மிளகாய் சாஸ் கண்ணுல பட்டுருச்சு.

— மாக்கரோனியில ஏது மிளகாய் சாஸ்?

— இமானிக்கு ரெண்டரை வயசு. இன்னும் ரெண்டரை வருஷத்துல பள்ளிக்கூடம் போயிருவா. பள்ளிக்கூடம் இலவசம். அன்னிக்கு எந்தக் கோடும் என்னை ஒண்ணும் பண்ணாது. அன்னிக்கு நீ மேஸ்திரின்னாலும் சரி, மேனேஜர்னாலும் சரி, உன் நாற்காலியையே பிடுங்கிக்கறேன். அது வரைக்கும் என்னை இந்தப் பக்கமே நிக்க விடு. இதுதான் நான் உன்கிட்டக் கேக்கற உதவி. ஒண்ணுமே பண்ணாத. அதுதான் பெரிய உதவி.

— சரி.

— சரின்னா?

— பிராண்டனுக்கு இன்னிக்கே எழுதறேன். சொந்தக் காரணத்தால இப்ப முடியாது, ரெண்டரை வருஷம் கழிச்சு முதல் பேர் இவளோடதுதான்னு. மேல வர்ற எண்ணம் இல்லைன்னு அவன் சொன்னா, இந்தத் தாளை ஸ்கேன் பண்ணி அனுப்பறேன். இந்தக் கோட்டைப் பாருடான்னு.

— டான்னு எழுதாதே. உன் வேலை போயிரும்.

— போனா போகட்டும். படகை விக்க ஒரு காரணம் கிடைக்கும்.

— வயித்துல பாலை வார்த்த ரோட்னி. காலையில இருந்து ஒரு வாய் இறங்கல, இப்பத்தான் பசிக்குது. வர்ற ஒரு வருஷத்தைப் பத்திக் கவலையே இல்ல. போன வாரம்தான் சர்க்காரோட கவுண்டி ஆபீஸுக்குப் போய்க் காப்பக உதவியைப் புதுப்பிக்கக் குடுத்தேன். மூணு மணி நேரம் கியூ. வாடகை ரசீது, பொறப்பு சர்டிஃபிகேட், சம்பளச் சீட்டு ஆறு, எல்லாம் குடுத்தாச்சு. அந்தப் பொண்ணு பாத்துட்டு, 'எல்லாம் சரியா இருக்கும்மா, கோட்டுக்கு உள்ளதான் இருக்கீங்க'ன்னுச்சு.

— நல்லது.

— இன்னும் ஒரே ஒரு தாள்தான் பாக்கியாம். வேலை குடுக்கறவங்க பூர்த்தி பண்ணி நேரா அவங்களுக்கே அனுப்பணுமாம். இந்த வருஷம் புதுசா அப்படி வச்சிருக்காங்க. சம்பளச் சீட்டை விட அதைத்தான் பாப்பாங்களாம். உனக்கு ஃபாக்ஸ்ல வரும்னு சொன்னா.

— ஃபாக்ஸ்லயா?

— ஆமா. ஒரு பக்கம்தான். என் பேரு, எத்தனை மணி நேரம், மணிக்கு எவ்வளவு. என்ன, முகம் ஒரு மாதிரி ஆகுது?

— திங்கக்கிழமை ஒண்ணு வந்துச்சு.

— அதேதான். பாத்தியா, நானே கேக்கணும்னு இருந்தேன். அனுப்பிட்டியா?

— வந்த உடனே அனுப்பிட்டேன். உன் பேரைப் பாத்ததும் மத்த வேலையை எல்லாம் தள்ளி வச்சுட்டு அதை முதல்ல பண்ணினேன்.

— கோடி புண்ணியம் உனக்கு. கையெழுத்துப் போட்டியா? போடலன்னா திருப்பி அனுப்பிருவாங்க.

— போட்டேன்.

— அப்புறம் என்ன பேயைப் பாத்த மாதிரி உக்காந்திருக்க? ரோட்னி. பதினேழேகால்னுதானே எழுதின?

— இங்க வேலை பாக்கற கர்ட்டிஸ் வீடு வாங்கினப்ப பேங்க்ல இருந்து இதே மாதிரி ஒரு தாள் வந்துச்சு லடோனா. சம்பளத்தைக் கூட்டி எழுதிக் குடுத்ததாலதான் அவனுக்குக் கடன் கிடைச்சுது. யார் அனுப்பினதுன்னு கூடப் பாக்காம, நீயும் வீட்டுக்கடனுக்கு ஏதோ பண்றன்னு நினைச்சேன். சின்ன எண்ணைப் பாத்து உன்னை யாரும் கேவலமா நினைச்சிரக் கூடாதுன்னு பத்தொன்பதரைன்னு போட்டேன். ஓவர்டைமையும் சேர்த்தேன். கீழ காலியா இருந்த இடத்துல 'இவர் சம்பளம் இன்னும் ஏறும்'னு என் கையாலயே எழுதி, அடிக்கோடும் போட்டு அனுப்பிட்டேன்.